குற்றாலத்தில் மூன்று பலவேசம்

அத்தியாயம் ஏழு: ஏசுவடியான் முதுகைக் கொடுத்துத் துப்பு வாங்கியது

வக்கீல் கைலாசம் பிள்ளைக்குக் கோபம் வந்தால் முதலில் மூக்குக் கண்ணாடி கழன்று விழும். அடுத்தது மேல்துண்டு. அன்று காலை ஏசுவடியானும் அவனுடைய முதலாளி துப்பறியும் நமசிவாயமும் தென்காசி மொட்டைக் கோபுரத்துக்கு எதிர்த்தெருவிலிருந்த அவருடைய ஆபீசுக்குள் நுழைந்தபோது இரண்டும் மேஜைமேல் கிடந்தன. இனிக் கழல என்ன மிச்சம் என்று யோசித்த ஏசுவடியான், வாசல் பக்கமாகவே நின்றுகொண்டான்.

"வாரும் நமசிவாயம்! உம்மகிட்ட ஒரு கேள்வி," என்றார் வக்கீல். "பஸ்ல அடிபட்டு வலது கை போச்சுன்னு நஷ்டஈட்டுக்குக் கேஸ் போட்டிருக்கான் ஒருத்தன். அவனே கூண்டுல ஏறி நின்னு, 'தெனமும் எண்ணெ தேய்க்கேன்'னு சொல்லிட்டு இறங்குதான். அவனை என்ன செய்யலாம்?"

"அவன் தொழில் என்ன?" என்று கேட்டார் நமசிவாயம்.

"குற்றாலத்துல எண்ணெ தேய்க்கிறதுதான் வே!"

"அப்ப மாலை போடலாம்," என்றான் ஏசுவடியான். "இவ்வளவு உண்மை பேசுத ஆளை கோர்ட்டுல யாரு பாத்திருக்கா?"

வக்கீல் அவனை ஒரு பார்வை பார்த்தார். ஏசுவடியான் ஐந்து வருஷம் பஸ் கண்டக்டராக இருந்தவன். வாயால் அந்த வேலை போயிற்று, அதே வாயைப் பார்த்துத்தான் நமசிவாயம் அவனைச் சேர்த்துக்கொண்டார். நமசிவாயமோ இருபது வருஷம் அமீனாவாக வீடு வீடாகச் சம்மன் கொண்டுபோனவர். கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு 'அவர் ஊரில் இல்லை' என்பவர்களின் குரலைக் கேட்டுக் கேட்டே மனுஷர்களைப் படித்துவிட்டார். பென்ஷன் வந்தபிறகு, அந்தப் படிப்பை வக்கீல்களுக்குத் துப்புச் சொல்லச் செலவழித்துவந்தார்.

விஷயம் இதுதான். போன வருஷம் ஆடி மாதம். யுத்தத்தில் பெட்ரோல் அருகிப்போய், பஸ்களெல்லாம் முதுகில் கரியடுப்பைச் சுமந்துகொண்டு ஓடிய காலம். ஐந்தருவி மேட்டில் ஒரு கரிவண்டி மூச்சுத் திணறி நிற்க, டிரைவர் வழக்கம்போல எல்லாரையும் இறங்கித் தள்ளச் சொன்னான். காசு கொடுத்து ஏறியிருந்த, இப்போது கேஸ் போட்டிருக்கிற எண்ணெய்க்காரர் பலவேசமும் இறங்கித் தள்ளினார். பிரேக் பிடிக்காமல் வண்டி பின்னால் உருண்டது. மற்றவர்கள் தாவிவிட்டார்கள். பலவேசத்தின் வலது கை மட்டும் வண்டிக்கும் பாலத்துச் சுவருக்கும் நடுவே மாட்டிக்கொண்டது. கட்டைவிரலும் மணிக்கட்டும் நொறுங்கிப் போயின. குற்றாலத்தில் அந்தக் கைக்கு ஈடு கிடையாது. பலவேசம் ஒரு பிடி பிடித்தால் பத்து வருஷத்து இடுப்புவலி இறங்கி ஓடும் என்று மதுரை, மெட்ராஸ் வரை பேச்சு.

அவர் கேட்டது ஆயிரம் ரூபாய். முன்சீப் கொடுத்தது எழுபத்தைந்து. பஸ் முதலாளியின் பேரில் குற்றம் உண்டு என்று முன்சீப் ஒப்புக்கொண்டார். ஆனால், 'வாதிக்குத் தொழில் நஷ்டமில்லை, வைத்தியச் செலவு மட்டும் போதும்' என்று எழுதிவிட்டார். அதற்குக் காரணம் இரண்டு. ஒன்று, மதுரை ஜவுளி வியாபாரி ஒருவர் வந்து, இந்த ஆனியில்தான் குற்றாலத்தில் பலவேசத்திடம் எண்ணெய் தேய்த்துக்கொண்டேன், பிடி இரும்பு மாதிரி இருந்தது என்று சத்தியம் செய்தார். இரண்டு, பலவேசத்தின் சொந்த வாய்.

"அந்த மதுரைக்காரர்கிட்ட ஆளை அடையாளம் காட்டச் சொன்னீகளா?" என்றார் நமசிவாயம்.

"சொன்னேன். 'குப்புறக் கிடந்தவன் மொகத்தை எங்க பாக்க? பேரு பலவேசம்னு சொன்னான், அது போதும்'னுட்டாரு. கேளும் வே, அப்பீலுக்கு நாளையோட கெடு முடியுது. என் குமாஸ்தா சாயங்காலம் நாலரை ரயில்ல திருநெல்வேலி போகணும். ஆனா பொய்க் கேஸைத் தூக்கிக்கிட்டு ஜில்லா ஜட்ஜ் முன்னால நான் போய் நிக்க மாட்டேன். அவன் கை வெளங்குதா இல்லையா? நாலு மணிக்குள்ள சொல்லும். வெளங்குதுன்னா எழுபத்தஞ்சை வாங்கிக்கிட்டுப் போகட்டும்."

வெளித் தாழ்வாரத்தில் பலவேசமும் அவர் மனைவி குருவம்மாளும் உட்கார்ந்திருந்தார்கள். அவருடைய வலது கை பழந்துணி சுற்றி நெஞ்சோடு ஒட்டியிருந்தது. பக்கத்தில் போனாலே மருந்துக்கடைக்குள் நுழைந்த மாதிரி ஒரு நெடி. காலையிலிருந்து உள்ளே ஒருவரும் கூப்பிடாத வருத்தம் இரண்டு பேர் முகத்திலும் இருந்தது.

"மதுரைக்காரருக்கு நீ எண்ணெ தேச்சியா பலவேசம்?" என்று கேட்டார் நமசிவாயம்.

"அந்த மகராசனை கோர்ட்டுலதான் மொதமொதல்ல பாக்கேன் அண்ணாச்சி."

ஏசுவடியானுக்குப் பொறுக்கவில்லை. "சரி, அவரை விடும். தெனம் எண்ணெ தேய்க்கேன்னு சொன்னீராமே, அது பொய்தானே?"

"அதெப்படிப் பொய்யாவும்?" என்று நிமிர்ந்தார் பலவேசம். "தேய்க்கத்தானே செய்தேன்? அதை நம்பித்தானே இருக்கேன்!"

"ஒரு நாளு விட்டதில்ல," என்று குருவம்மாள் வேறு பெருமையாகச் சாட்சி சொன்னாள்.

ஏசுவடியான் தலையில் கைவைத்துக்கொண்டான். நமசிவாயம் மட்டும் அந்தக் கைத்துணியையே சிறிது நேரம் பார்த்துவிட்டு, குடையை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கினார்.

"அண்ணாச்சி, இந்தக் கேஸ் நமக்கு வேண்டாம்," என்றான் ஏசுவடியான் பின்னாலேயே ஓடி. "பேரைக் கேட்டப்பவே நெனச்சேன். பல வேசம்! கோர்ட்டுல ஒரு வேசம், அருவியில ஒரு வேசம்."

"மதுரைக்காரர் முதுகைத் தொட்டது யாருன்னு மொதல்ல பாப்போம். பெறகு வேசத்தைக் கணக்கெடுக்கலாம்."

குற்றாலம் மூன்று மைல். கரிவண்டியில்தான் போனார்கள். நன்னகரம் தாண்டுவதற்குள் இரண்டு தடவை இறங்கித் தள்ளும்படி ஆயிற்று. "ஏறுததுக்கு நாங்க காசு குடுத்தோம், தள்ளுததுக்கு நீ எப்போ குடுக்கப் போறே?" என்று கண்டக்டரிடம் ஏசுவடியான் தொழில் முறையில் நியாயம் கேட்டான். ஆனாலும் தள்ளும்போது கையை மட்டும் ஜாக்கிரதையாகப் பார்த்துக்கொண்டான்.

பேரருவியில் சீசன் உச்சத்தில் இருந்தது. சாரல் முகத்தில் பூப்பூவாய் அடித்தது. அருவிச் சத்தத்தை மீறி ஒருவருக்கொருவர் கத்திப் பேசிக்கொண்டிருந்தார்கள். பாறைகள்மேல் ஜமீன் தொந்திகளும் வியாபாரத் தொந்திகளும் வித்தியாசமில்லாமல் எண்ணெயில் பளபளத்துக் கிடந்தன. நமசிவாயம் ஒரு பலாப்பழக் கடையின் ஓரமாகக் குடையை விரித்து நின்றுகொண்டு, உதவியாளனைப் பார்த்துக் கண்ணைக் காட்டினார்.

"சட்டையைக் கழத்து."

"நானா? அண்ணாச்சி, எனக்கு அக்குள்ள கூச்சம் ஜாஸ்தி."

"கூச்சப்பட்டுக்கிட்டே விசாரி."

ஏசுவடியான் துண்டைக் கட்டிக்கொண்டு பாறைமேல் ஏறினான். மெட்ராஸ்காரன் போலக் குரலை மாற்றிக்கொண்டு, "இங்க பலவேசம்னு ஒருத்தர் இருக்காராமே? அவர் கைதான் வேணும்!" என்று உரக்கச் சத்தம் போட்டான்.

"நாந்தான் ஐயா," என்று இடப்பக்கத்திலிருந்து ஒருவன் எண்ணெய்க் கிண்ணத்தோடு வந்தான்.

"ஏ, தள்ளுலே. பலவேசம் நாந்தான் அண்ணாச்சி," என்று வலப்பக்கத்திலிருந்து மீசைக்காரன் ஒருவன் வந்தான்.

மூன்றாவது ஆள் பேசவே இல்லை. பின்னாலிருந்து வந்து ஏசுவடியானைக் குப்புறத் தள்ளி, முதுகில் நல்லெண்ணெயை ஊற்றிவிட்டு, "ரெண்டு பேரும் பொய் சொல்லுதானுவ. பலவேசம் நாந்தான்," என்றபடி வேலையை ஆரம்பித்துவிட்டான்.

ஏசுவடியானுக்கு அடுத்த பத்து நிமிஷம் உலகம் பாறையாகவும் வலியாகவும் மட்டுமே தெரிந்தது. இருந்திருந்து அக்குளில் கை போனபோது பாறையை விட்டு ஒரு முழம் எழும்பினான். எவ்வளவு முறுக்கிப் பார்த்தும், தன்னைப் பிசைகிறவனுடைய முகம் அவன் கண்ணில் படவில்லை. மதுரை ஜவுளி வியாபாரி மேல் அவனுக்கு அப்போதுதான் கொஞ்சம் இரக்கம் வந்தது. பாவம், அவர் பொய் சொல்லவில்லை.

கடையோரமாக நின்ற நமசிவாயம் மடியிலிருந்து ஒரு பழைய காகிதத்தை எடுத்தார். குடை ரிப்பேர் பண்ணின ரசீது அது. அதை உயரத் தூக்கிப் பிடித்து, இருபது வருஷம் தெருக்களை நடுங்கவைத்த அமீனாக் குரலில் கூப்பிட்டார்.

"குற்றாலம் பலவேசம்! குற்றாலம் பலவேசம்! கோர்ட்டுச் சம்மன்! யாருலே பலவேசம்? வந்து கையெழுத்துப் போட்டு வாங்கு!"

ஏசுவடியான் முதுகிலிருந்த இரண்டு கைகளும் சட்டென்று காணாமல் போயின.

"நான் செல்லச்சாமிங்க," என்றான் முதலாமவன்.

"எம்பேரு தங்கசாமி, ஊரு கடையம். இங்க சும்மா வேடிக்கை பாக்க வந்தேன்," என்றான் மீசைக்காரன், எண்ணெய் வழியும் கையோடு.

மூன்றாவது ஆள் நழுவப் பார்த்தான். பாதி முதுகு பாக்கி இருந்த கோபத்தில் ஏசுவடியான் அவன் காலைப் பிடித்துக்கொண்டான். "என்னை விடுங்க அண்ணாச்சி, நான் மாடன்! பலவேசம் வேற ஆளு, கை ஒடிஞ்சு வீட்ல கெடக்கான்!"

நமசிவாயம் ரசீதை மடித்து மடியில் வைத்தார். "அப்படியா? அப்ப ஏம்லே அவன் பேரைச் சொல்லுதீக?"

மாடன் மூச்சு வாங்கிக்கொண்டு விவரம் சொன்னான். வெளியூர்க்காரர்கள் வந்து இறங்கும்போதே பலவேசம் எங்கே என்றுதான் கேட்கிறார்களாம். இல்லையென்றால் வந்த ஆள் ஐந்தருவிக்குப் போய்விடுகிறானாம். "பலவேசமே சொல்லித்தான் செய்தோம் அண்ணாச்சி. 'நான் வாரது வரைக்கும் எம்பேரைச் சொல்லிக்கோங்க, பேரு ஓடிக்கிட்டே இருக்கட்டும்'ன்னான்." மதுரைக்காரர் சாட்சியால் கேஸ் தோற்றதை நமசிவாயம் சொன்னதும் மாடன் பதறிப்போனான். "மதுரை ஜவுளிக்கடைக்காரரா? குள்ளமா, செவப்பா, தோள்ல மருவோட? நாந்தான் தேச்சேன். எங்க வேணும்னாலும் வந்து சொல்லுதேன். எங்களால அவனுக்குக் கேஸு தோத்துச்சுன்னா அது பெரிய பாவம்லா!" சொல்லும்போதே அவன் கண் கலங்கிவிட்டது.

"சரிலே, அழாதே. சீசன்ல நாளைக்கு எத்தனை தேய்ப்பே?"

"இருபது ஆளு, இருபத்தஞ்சு ஆளு வரைக்கும் பாப்பேன்."

"எத்தனை வேளை?"

"வேளையா?" மாடன் அழுகையை மறந்து சிரித்துவிட்டான். "இது என்ன கஷாயமா அண்ணாச்சி, வேளைக் கணக்குச் சொல்ல?"

நமசிவாயம் குடையைப் படாரென்று மடக்கினார். சாரல் தலையில் கொட்டுவதைக்கூடக் கவனிக்காமல் அவர் சிரித்த சிரிப்பைப் பார்த்து, குளிர் தலைக்கேறிவிட்டதோ என்று ஏசுவடியான் பயந்துபோனான்.

"கெளம்புலே! நீயும் வா மாடா. குதிரை வண்டி பிடிங்க. கரிவண்டியை நம்புனா ரயிலு போயிரும்."

"அண்ணாச்சி, முதுகுல பாதிதான் ஆயிருக்கு."

"மீதியை வக்கீல் பாத்துக்கிடுவாரு."

நாலு மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கையில் மூவரும் ஆபீசுக்குள் நுழைந்தார்கள். மாடன் சொன்னதையெல்லாம் வக்கீல் பொறுமையாகக் கேட்டார். மூன்று பலவேசம் கதைக்கு அவருக்கே சிரிப்பு வந்தது. ஆனால் சிரித்து முடித்ததும் முகம் பழையபடி கடுகடுத்தது.

"சரி வே, மதுரைக்காரர் சாட்சி போச்சு. மத்தது? சாட்சி ஆளை மாத்திச் சொல்லலாம். இவன் தன்னையே மாத்திச் சொல்லுவானா? இந்தா, முன்சீப் கைப்பட இங்கிலீஷ்ல எழுதின வாக்குமூலம். 'நான் தினந்தோறும் எண்ணெய் தேய்க்கும் வேலை செய்துவருகிறேன்.' இதுக்கு என்ன சொல்லுதீரு?"

"முன்சீப்புக்கு எந்த ஊரு?"

"நெல்லூர்ப் பக்கம். தமிழ் கத்துக்கிட்டு ஒரு வருஷம் ஆகுது. ஏன்?"

"குறுக்கு விசாரணையில பலவேசம் வாயில வந்த வார்த்தை என்ன? நீங்க அங்கனதானே இருந்தீக, ஞாபகப்படுத்திப் பாருங்க."

வக்கீல் கண்ணை மூடி யோசித்தார். "'எண்ணெய் தேய்க்கிறதுண்டா'ன்னு எதிர் வக்கீல் கேட்டாரு. இவன், 'ஆமா, தெனம் ரெண்டு வேளை தேய்க்கேன்'னான்."

"வேளை," என்றார் நமசிவாயம். "நெல்லூர்க்காரர் காதுல அது வேலைன்னு விழுந்துது. அவரைச் சொல்லிக் குத்தமில்ல. எண்ணெ தேய்க்கிறவன் 'எண்ணெ தேய்க்கேன்'னு சொல்லுதான், 'வேலை'ன்னும் சொல்லுதான், வேற எப்படி எழுதுவாரு? ஆனா இந்தத் தொழில்ல இருக்கவன் வேலையை ஆள் கணக்குல சொல்லுவான். மாடனைக் கேளுங்க, இருபது ஆளு, இருபத்தஞ்சு ஆளு. வேளைக் கணக்குல சொல்லுதது எதை?"

"மருந்தை!" என்று கத்திய ஏசுவடியான் எண்ணெய் முதுகோடு சுவரில் சாய்ந்து ஒரு கறையை உண்டாக்கினான்.

வக்கீல் அதைக் கவனிக்கும் நிலையில் இல்லை. நமசிவாயம் வாசலுக்குப் போய் பலவேசத்தையும் குருவம்மாளையும் உள்ளே கூட்டிவந்தார். வந்ததும் வராததுமாக, கோர்ட்டில் யாருமே கேட்காத இரண்டு கேள்விகளைக் கேட்டார்.

"தெனம் தேய்க்கேன்னு சொன்னியே, அது என்ன எண்ணெ?"

"முறிவெண்ணெ அண்ணாச்சி. செங்கோட்டை வைத்தியர் காச்சித் தாரது."

"யாருக்குத் தேய்க்கே?"

பலவேசம் அவரைப் புரியாமல் பார்த்தார். "யாருக்கா? எனக்குத்தான். இந்தக் கைக்கு."

குருவம்மாள் மடியிலிருந்து ஒரு குப்பியை எடுத்து மேஜைமேல் வைத்தாள். மூடியைத் திறந்ததும் ஆபீஸ் முழுக்க அந்த மருந்து நெடி பரவியது. துணியை அவிழ்த்துக் கையையும் காட்டினாள். கட்டைவிரல் உள்ளங்கைப் பக்கமாக மடங்கி ஒட்டியிருந்தது. மணிக்கட்டு கோணிப் போயிருந்தது. மாடன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். ஏசுவடியானுக்குப் பார்க்கவே கஷ்டமாக இருந்தது. பல வேசம் என்று காலையில் தான் அடித்த கேலி ஞாபகம் வந்து வெட்கமும் பிடுங்கித் தின்றது.

"அட பாவி மனுஷா!" என்றார் வக்கீல். "இதைக் கோர்ட்டுலயே சொல்லக் கூடாதா? என் கைக்குத்தான் தேய்க்கேன்னு ஒரு வார்த்தை? அந்த ஒரு வார்த்தையில கேஸே மாறியிருக்குமே!"

பலவேசம் மிகவும் மரியாதையாகப் பதில் சொன்னார். "ஐயாதானே கூண்டுல ஏத்துததுக்கு முன்னால சொன்னீக? 'கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு. அதுக்கு மேல ஒரு வார்த்தை பேசுனே, கேஸு போயிரும்'னு."

சொல்லியிருந்தார். எல்லாக் கட்சிக்காரர்களுக்கும் சொல்லுகிற வார்த்தைதான். வக்கீல் கைலாசம் பிள்ளை கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டார், துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார். பிறகு எழுந்து, தம் கையாலேயே இரண்டு நாற்காலியை இழுத்துப் போட்டு, புருஷன் பெண்டாட்டி இரண்டு பேரையும் உட்காரச் சொன்னார்.

"எழுதும் ஓய்," என்று குமாஸ்தாவைப் பார்த்து உறுமினார். "ஆயிரத்தையும் முழுசாக் கேட்டு எழுதும். மாடனைப் புதுச் சாட்சியா விசாரிக்கணும்னு ஒரு மனு, செங்கோட்டை வைத்தியரை விசாரிக்கணும்னு இன்னொரு மனு. வேளைன்னு சொன்னதை வேலைன்னு எழுதியிருக்குன்னு மொத காரணமா போடும்!"

பேனா ஓடியது. குதிரை வண்டிக்காரன் வாசலில் நின்று மணியடித்தான். நாலே கால் ஆனபோது எல்லாம் முடிந்து, பலவேசத்தின் ரேகை ஒன்றுதான் பாக்கி. குமாஸ்தா மைப்பெட்டியைத் திறந்தார்.

"ஐயா, ஒரு சந்தேகம்," என்றார் பலவேசம்.

"கேளுமய்யா. எவ்வளவு வேணும்னாலும் பேசும். இனிமே உம்மைப் பேசாதேன்னு சொல்ல மாட்டேன்."

"கை திரும்புததுக்கு நூத்துல ஒரு பங்குதான் வழி இருக்குன்னு வைத்தியர் சொல்லுதாரு. நானும் விடாமத்தான் தேய்க்கேன். ஒருவேளை மேல்கோர்ட்டுல இந்தப் பணமும் கெடைச்சு, அதுக்குப் பெறகு கையும் சரியாயிட்டுன்னு வையுங்க. அப்போ அந்தப் பணத்தை பஸ் முதலாளிகிட்ட நான் திருப்பிக் குடுத்திரணுமா?"

இந்த மனுஷனைத்தான் காலை முழுக்கப் பொய்யன் என்று வாசலில் உட்காரவைத்திருந்தார்கள். ஏசுவடியான் ஜன்னல் பக்கமாகத் திரும்பிக்கொண்டு கண்ணைத் துடைத்தான், எண்ணெய் பட்டு அது இன்னும் எரிந்தது.

குருவம்மாள்தான் பதில் சொன்னாள்.

"கை மட்டும் சரியாவட்டும், அந்தப் பணத்தை நானே கொண்டுபோய் அவன் வாசல்ல கொட்டிட்டு வாரேன். இப்போ ரேகையை வையுங்க. ரயிலுக்கு நேரமாச்சு."

வக்கீல் குமாஸ்தாவிடமிருந்து மைப்பெட்டியை வாங்கி, தாமே குனிந்து பலவேசத்துக்குப் பிடித்தார்.